பூசிய அழுக்கு

போன வருஷம் ஓதீல் பெக்குக்கு ஒரு பாராட்டு விழா நடந்தது. பிரெஞ்சு சினிமாவுக்குக் காலமெல்லாம் வீடு கட்டிக் கொடுத்த கலை இயக்குநர் என்று மேடையில் ஆளாளுக்குப் புகழ்ந்தார்கள். அவள் கட்டிய அரண்மனைகளையும் கப்பல் அறைகளையும் திரையில் ஓட்டிக் காட்டிவிட்டு, கடைசியாக அந்தச் சமையலறையைக் காட்டினார்கள். கைதட்டல் காதைப் பிளந்தது. ஓதீல் தலையைக் குனிந்துகொண்டாள். என் பக்கத்தில் இருந்த பத்திரிகைக்காரப் பையன், "எவ்ளோ அடக்கம் பாருங்க!" என்றான். அடக்கமாவது மண்ணாங்கட்டியாவது. ஓதீலிடம் மருந்துக்கும் இல்லாத குணம் அது. அவள் வெட்கத்தில் கூனிக் குறுகிக்கொண்டிருந்தாள்.

என் பெயர் ஜினெத். அவளுடைய படங்களுக்குப் பொருள் தேடிக் கொடுத்தவள். அவள் சுவரை எழுப்புவாள்; அந்தச் சுவருக்குள் வைக்க நாற்காலி, விளக்கு, திரைச்சீலை, பல் போன சீப்பு என்று எல்லாவற்றையும் கொண்டுவருவது என் வேலை. பழம்பொருள் சந்தைகளில் அலைந்து என் முழங்கால் தேய்ந்ததற்கு அவள்தான் பொறுப்பு. அவளைப் பற்றிச் சொல்ல எனக்கு உரிமை உண்டு. அவள் அம்மாவைக் கைபிடித்து அந்தச் செட்டுக்குள் கூட்டிவந்தவளே நான்தான்.

ஓதீல் வடக்கே ரூபேயில், நெசவாலைகளுக்குப் பின்னால் இருக்கும் செங்கல் வீட்டு வரிசை ஒன்றில் பிறந்தாள். அப்பா சாயப் பட்டறையில் வேலை செய்து நுரையீரல் கெட்டு, அவள் சின்னவளாக இருந்தபோதே போய்ச் சேர்ந்துவிட்டார். அம்மா ஸெலி நூற்பாலையில் வேலை பார்த்து ஒற்றை ஆளாக அவளை வளர்த்தாள். பள்ளியில் ஓதீல் வரைந்த படங்களைப் பார்த்துக் கன்னியாஸ்திரிகள் சிபாரிசு செய்ய, ஓவியப் பள்ளி, பிறகு பாரிஸ். அவளுடைய முழுப் பெயர் ஓதீல் வந்தெர்பெக். முன்பாதியை ரயிலிலேயே விட்டுவிட்டு இறங்கினாள் போலிருக்கிறது. நாங்கள் அறிந்ததெல்லாம் ஓதீல் பெக் மட்டும்தான். சொந்த ஊர் எது என்று கேட்டால் "வடக்கே" என்பாள். அதற்கு மேல் கேட்டால் அளவு நாடாவை எடுத்துக்கொண்டு எதையாவது அளக்கப் போய்விடுவாள். அவளுக்கு அம்மா உயிரோடு இருக்கிறாள் என்பதுகூட எங்களில் ஒருவருக்கும் தெரியாது.

மார்ன் நதிக்கரையில் இருந்த ஒரு ஸ்டூடியோவில், மற்றவர்கள் போட்ட வரைபடங்களை டிரேசிங் தாளில் நகல் எடுக்கும் வேலைதான் முதலில் கிடைத்தது. அப்போது செட் போடுவது முழுக்க ஆண்களின் ராஜ்ஜியம். "பாப்பா, ஏணி ஏறினா தலை சுத்துமே, கீழ நின்னு பூச்சாடிய அடுக்கேன்" என்று தச்சர்கள் கிண்டல் செய்தார்கள். அவள் ஏணியில் ஏறி நின்று, அவர்கள் சுவர் உச்சியில் அடித்த கார்னிஸ் பட்டை ஒரு பக்கம் சாய்ந்திருக்கிறது என்று மேலிருந்தே கத்தினாள். ஏறி வந்து அளந்து பார்த்தார்கள். சாய்ந்துதான் இருந்தது. அதன் பிறகு ஏணியைப் பற்றி எவனும் வாயைத் திறக்கவில்லை.

ஆனால் அவளுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது வேறொன்று. அழுக்கு. செட் போடுவதில் சுவரைக் கட்டுவது பாதி வேலை. கட்டிய சுவரில் மனிதர்கள் வாழ்ந்த மாதிரி அழுக்கை ஏற்றுவது மீதி வேலை. புதுச் சுவரைக் காமிரா உடனே காட்டிக் கொடுத்துவிடும். ஓதீல் காபிச் சக்கை, பழுப்பு வார்னிஷ், மெழுகு, செட் தரையிலிருந்து கூட்டி அள்ளிய தூசி எல்லாவற்றையும் குழைத்து, கடற்பஞ்சால் ஒற்றி ஒற்றி எடுப்பாள். விளக்குக்கு மேலே கரி, கதவுப் பிடியைச் சுற்றிக் கைப்பிசுக்கு, மாட்டியிருந்த படத்தை எடுத்த இடத்தில் வெளுப்பு. பெயின்டர்கள் அவளுக்கு அழுக்கு மகாராணி என்று பட்டம் சூட்டினார்கள். அவளுக்கும் அதில் பெருமைதான்.

அப்புறம் ரொக்வில்லின் படம் வந்தது. இயக்குநர் ரொக்வில் பத்திரப் பதிவாளர் வீட்டுப் பிள்ளை. தொழிலாளிகள் மேல் அவருக்கு உயிர். ஆனால் ஒரு தொழிலாளியோடு உட்கார்ந்து ஒரு வாய் காபி குடித்தவர் இல்லை. வடக்கு நெசவாலைக் குடும்பம் ஒன்றின் கதை. முக்கால்வாசிப் படம் அவர்கள் சமையலறையில் நடக்கிறது. ஓதீல் கதையைப் படித்த மறுநாளே வரைபடத்தோடு வந்துவிட்டாள். எங்கேயும் போய்ப் பார்க்கவில்லை, ஒரு புகைப்படம்கூடத் தேடவில்லை. என்னைப் படுத்திய பாடு சொல்லி மாளாது. எனாமல் பூசிய பச்சை நிற நிலக்கரி அடுப்பு வேண்டும். அதன் முன்னால் துண்டு உலர்த்தும் பித்தளைக் கம்பி வேண்டும், இடது முனை கொஞ்சம் வளைந்திருக்க வேண்டும்.

"இடது முனைதான் வளையணுமா? வலது முனை வளைஞ்சா படம் ஓடாதா?" என்றேன்.

"ஓடாது. போய்த் தேடு."

தேடினேன். நேரான கம்பிதான் கிடைத்தது. சுத்தியலால் தட்டி வளைத்துக் கொடுத்தேன். அதையே வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றாள். மேசை விரிப்புக்கு நீலக் கட்டம் போட்ட ரெக்சின், ஜன்னல் விளிம்பில் ஜெரேனியம் பூச்செடி, சுவருக்கு வெளிர் மஞ்சள். செட் முடிந்தபோது அப்படி ஒரு பளபளப்பு. அடுப்பில் முகம் பார்த்துத் தலை வாரிக்கொள்ளலாம். நான்கூட, "என்னடி, உன் வித்தைய இன்னும் காட்டலையா?" என்று கேட்டேன். "இது இப்படித்தான்" என்றாள். அவள் அப்படிச் சொல்லி நான் கேட்டதே இல்லை.

ரொக்வில் வந்தார். வாயில் சிகரெட்டோடு செட்டைச் சுற்றிப் பார்த்தார். முகம் சுளித்தார்.

"ஓதீல், இது என்ன, பல் டாக்டர் வீடா?"

"நெசவாலைக்காரங்க வீடு."

"எனக்குத் தெரியாதா? ஏழைங்க வீடும்மா இது. அந்தப் பொம்பள நாள் பூரா மில்லுல நின்னுட்டு வரா. அவளுக்கு எங்க இதையெல்லாம் தொடைக்க நேரம்? சுவத்துல ஏழ்மை தெரிய வேணாமா? உங்க கைவண்ணத்த நம்பித்தான உங்களக் கூப்பிட்டேன்."

ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நூற்பாலைப் பெண்கள் சனிக்கிழமை தோறும் கருப்புச் சோப்பைக் கரைத்துச் சுவரைக் கழுவுவார்கள், வாசல் கல்லை மண்டியிட்டுத் தேய்ப்பார்கள், அந்தத் தெருவில் அழுக்குச் சுவர் என்பது திருட்டுப் பட்டத்தைவிடக் கேவலம் என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் "உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்பார். அதற்குப் பதில் சொன்னால் வந்தெர்பெக் வெளியே வரும். ஓதீல் பஞ்சை எடுத்துவரச் சொன்னாள்.

பூசினாள். சும்மா பூசவில்லை, அவள் கைவேலையின் உச்சம் அது. அடுப்புக்கு மேலே பிசுக்கு வழிந்து உறைந்தது, நீர்த்தொட்டிக்குப் பின்னால் பாசி படர்ந்தது, மேசையைச் சுற்றிலும் எண்ணெய்க் கை பட்டுப்பட்டுக் கறுத்தது. வேலை முடிந்தபோது அந்தச் சமையலறையில் நாற்றம் அடிக்கிற மாதிரியே இருந்தது. ரொக்வில் அவளைக் கட்டிக்கொண்டு இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டார். ஓதீல் கை கழுவப் போனவள் ரொம்ப நேரம் திரும்பி வரவில்லை.

முதல் ஷாட் எடுக்க இருந்த அன்று காலை, ஸ்டூடியோ வாசலில் யாரோ ஓதீலைத் தேடுவதாக வாயிற்காவலர் ஆள் அனுப்பினார். போனேன். கருப்புத் தொப்பி, ஜூன் மாத வெயிலிலும் கையுறை, மடியில் துணி சுற்றிய ஒரு தட்டு. பெஞ்சின் நுனியில், பாதிரியார் அறைக்கு வெளியே காத்திருப்பவள் போல ஒரு வயதான பெண் உட்கார்ந்திருந்தாள்.

"ஓதீலப் பாக்கணும்ங்க. இங்க பெக்குன்னு சொன்னாத்தான் தெரியுமாம்."

"நீங்க?"

"நான் அவ அம்மா, மதாம். அண்ணன் பேத்திக்கு முதல் நற்கருணை, அதுக்காகப் பாரிஸ் வரைக்கும் வந்தேன். இவ்ளோ தூரம் வந்துட்டு இவ வேலை செய்யற இடத்தப் பாக்காமப் போனா, தெருவுல என்னைச் சும்மா விடுவாங்களா?" தட்டைத் தூக்கிக் காட்டினாள். "சர்க்கரை டார்ட். அவளுக்குன்னா உயிர்."

எனக்கு ஒரே கொண்டாட்டம். ஓதீலுக்கு அம்மா! பையன்களிடம் சொன்னால் எப்படிக் கிண்டல் அடிப்பார்கள்! கையைப் பிடித்து நேராக செட்டுக்கே கூட்டிப் போனேன். லைட் எல்லாம் போட்டுத் தயாராக இருந்தது. ஓதீல் அந்தப் பக்கம் ரொக்வில்லோடும் காமிராக்காரரோடும் பேசிக்கொண்டிருந்தாள்.

ஸெலி செட்டின் விளிம்பில் நின்றாள். முதலில் அவளுக்குப் புரியவில்லை. பிறகு முகம் மெல்ல மலர்ந்தது.

"என் அடுப்பு," என்றாள். "ஏங்க, என் அடுப்புங்க இது! அந்தக் கம்பி... இவ சின்னப் பிள்ளையா இருக்கும்போது ஏறி உக்காந்து வளைச்சது. அய்யோ, ரெக்சின் கூட அதே. எல்லாத்தையும் மனசுல வெச்சிருக்கா பாத்தீங்களா?"

அப்போதுதான் எனக்கு அந்த இடது முனை விளங்கியது. ஸெலியின் கண் சுவருக்குப் போனது. சிரிப்பு அப்படியே நின்றது.

"இது என்ன?"

"அது பெயின்ட்தான், மதாம். நிஜம் இல்ல," என்று அவசரமாகச் சொன்னேன். சொன்னது போதாதென்று, "உங்க பொண்ணே தன் கையால பூசினது" என்று பெருமையும் அடித்துக்கொண்டேன்.

"அவளே பூசினாளா?"

டார்ட்டை மேசைமேல் வைத்தாள். ஒரு கையுறையைக் கழற்றிப் பைக்குள் போட்டாள். கைக்குட்டையை எடுத்து நாக்கில் நனைத்தாள். எச்சில் தொட்டுக் குழந்தை முகத்தைத் துடைப்பார்களே, அப்படி அந்தச் சுவரைத் துடைக்கத் தொடங்கினாள். நான் மரம் போல நின்றேன். பழுப்பு வார்னிஷ் இன்னும் முழுக்கக் காயவில்லை. கைக்குட்டையோடு வந்துவிட்டது. உள்ளேயிருந்து மஞ்சள் தெரிந்தது. இன்னும் அழுத்தித் தேய்த்தாள்.

தலைமைப் பெயின்டர் லூசியன்தான் முதலில் பார்த்தார். "ஏய்! ஏய்! கைய எடும்மா! அடப்பாவி, மொத்த வேலையும் போச்சு! யாரு இந்தக் கிழவிய உள்ள விட்டது?"

எல்லோரும் திரும்பினார்கள். ரொக்வில் வந்தார், பின்னாலேயே ஓதீல். சுவரில் முகம் அளவுக்கு ஒரு மஞ்சள் வட்டம். அதன் முன்னால் தொப்பி போட்ட ஸெலி, கையில் கறுத்த கைக்குட்டையோடு.

"யார் இவங்க?" என்றார் ரொக்வில்.

நான் வாயைத் திறப்பதற்குள் ஓதீல் பேசிவிட்டாள். "கூட்டிப் பெருக்க வர்ற அம்மாவா இருக்கும். புதுசு போல. தெரியாமத் தொடைச்சுட்டாங்க."

ஸெலி மகளைப் பார்த்தாள். கோபமாகக்கூட இல்லை. இவள் யார் என்று நினைவுபடுத்திக்கொள்கிற மாதிரி பார்த்தாள். பிறகு ரொக்வில்லிடம், "ஆமாங்க முதலாளி. பெருக்க வந்தேன். அழுக்கா இருந்துச்சேன்னு தொடைச்சுட்டேன். மன்னிச்சுக்குங்க" என்றாள். கைக்குட்டையை மடித்துப் பைக்குள் வைத்தாள். கையுறையை மாட்டிக்கொண்டாள். விரல்களில் ஒட்டிய பழுப்பு அதற்குள் மறைந்தது. நான் வாசல் வரை ஓடினேன். "நீங்க வேலையப் பாருங்க, மதாம். ரயிலுக்கு வழி தெரியும்" என்றாள்.

ஓதீல் அந்த மஞ்சள் வட்டத்தை மறுபடி பூசினாள். எத்தனை தடவை ஒற்றியும் பழைய நிறம் வரவில்லை. இன்றைக்கும் அந்தப் படத்தைப் பார்த்தால், நடிகையின் தலைக்குப் பின்னால் சுவர் ஓரிடத்தில் கொஞ்சம் வெளுத்துத் தெரியும். ஒரு விமர்சகர் அதை நம்பிக்கையின் ஒளிவட்டம் என்று பக்கம் பக்கமாக எழுதினார். டார்ட்டை லைட்பாய்கள் பங்குபோட்டுத் தின்றார்கள். யார் கொண்டுவந்தது என்று யாரும் கேட்கவில்லை. ஓதீலும் சொல்லவில்லை.

படம் பரிசுகளை அள்ளியது. ஓதீலுக்கும் ஒன்று. ஏழ்மையை இவ்வளவு உண்மையாகத் திரை இதுவரை பார்த்ததில்லை என்றார்கள். ரூபேயில் படம் வந்தபோது அவள் தெருவே திரண்டு போனது. நம் ஸெலியின் பெண் செய்தது என்று தேவாலயத்துக்குப் போடும் உடுப்பை மாட்டிக்கொண்டு போனார்கள். ஸெலியின் சமையலறையில் காபி குடிக்காதவர் அந்தத் தெருவில் யாருமில்லை. அடுப்பைப் பார்த்ததுமே கண்டுகொண்டார்கள். படம் முடிந்து வெளியே வரும்போது, அடுத்த வீட்டு மதாம் கேஸ்தெலோ, "ஸெலி, உன் வீடு அப்படியா இருந்துச்சு? நாங்க சரியாப் பாக்கலையோ?" என்று கேட்டாளாம். கிண்டலுக்குக் கேட்டாளோ, பரிதாபத்துக்குக் கேட்டாளோ, அது முக்கியம் இல்லை. அன்றிலிருந்து ஸெலி யாரையும் காபிக்குக் கூப்பிடவில்லை.

இதெல்லாம் ஓதீல் எனக்குச் சொன்னது ரொம்ப வருஷம் கழித்து, என் காரில் ரூபேக்குப் போகும்போது. அவள் வண்டி ஓட்டமாட்டாள். நெடுஞ்சாலையைப் பார்த்துக்கொண்டு, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்.

படம் வந்த வருஷம், கல்லறைத் திருநாளுக்கு அப்பா கல்லறையில் வைக்க சாமந்திச் செடியோடு ஊருக்குப் போயிருக்கிறாள். அந்தத் தெருவில் வீட்டு மனிதர்கள், அக்கம்பக்கம், உறவு எல்லோரும் பின்வாசல் வழியாக நேரே சமையலறைக்குள் வருவார்கள். முன்வாசல் டாக்டருக்கும் பாதிரியாருக்கும், அப்புறம் சவப்பெட்டிக்கும். ஓதீல் வழக்கம் போலப் பின்வாசலைத் தட்டினாள். உள்ளிருந்து குரல் வந்தது.

"முன்பக்கம் வாங்க. திறந்து வெச்சிருக்கேன்."

வாங்க. பெற்ற மகளை. ஓதீல் வீட்டைச் சுற்றிக்கொண்டு, தெருக்காரர்கள் திரைச்சீலை விலக்கிப் பார்க்க, சாமந்தியைச் சுமந்துகொண்டு முன்வாசலுக்குப் போனாள். ஸெலி அவளை முன்னறையில் உட்கார வைத்தாள். அந்த அறையில் ஓதீல் அதற்கு முன் உட்கார்ந்தது அப்பாவின் சவத்துக்குப் பக்கத்தில்தான். தங்கக் கரை போட்ட கோப்பை வந்தது, தட்டில் அடுக்கிய பிஸ்கட் வந்தது. சமையலறைக் கதவு சாத்தியிருந்தது.

"அம்மா, அன்னிக்கு நான்..."

"பயணம் சௌகரியமா இருந்துச்சுங்களா?"

"அம்மா, மன்னிச்சுடும்மா."

"எதுக்குங்க? அது உங்க வேலை. நல்லா செஞ்சிருக்கீங்கன்னு எல்லாரும் சொல்றாங்க."

வருஷா வருஷம் போனாள். வருஷா வருஷம் முன்னறை. ஒரு முறை புத்தம்புது ஃபிரிட்ஜ் வாங்கி அனுப்பினாள். அடுத்த தடவை போனபோது அது முன்னறையில் நின்றது. மேலே பின்னல் விரிப்பு, அதன்மேல் பூச்சாடி. மின் இணைப்புகூடக் கொடுக்கவில்லை. "அதுவும் என்னை மாதிரி விருந்தாளி" என்று காரில் சொல்லிச் சிரிக்கப் பார்த்தாள். சிரிப்பு வரவில்லை.

ஓதீல் அந்த வருஷங்களில் எப்படி இருந்தாள் என்று எனக்குத் தெரியும். ராஜாக்களின் படுக்கையறை கேளுங்கள், கட்டுவாள். சிறைச்சாலை, கப்பல், துறவி மடம் எதுவானாலும் சரி. கதையில் சமையலறை வந்தால் மட்டும் வரைபடத்தை உதவியாளரிடம் தள்ளிவிடுவாள். ஏன் என்று கேட்ட தயாரிப்பாளர்கள் அதைக் கர்வம் என்றார்கள். அம்மா ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, பின்வாசலைத் திறந்து உள்ளே கூப்பிட்டால் போதும், அப்புறம் தொழிலையே விட்டுவிடலாம் என்று அந்த நெடுஞ்சாலையில் என்னிடம் சொன்னாள். கிழவிக்கு வயதாகிவிட்டது. அதற்குள் நடக்க வேண்டும். அவளுக்கு வேண்டியது அவ்வளவுதான்.

அன்றைய பயணத்துக்குக் காரணம் மதாம் கேஸ்தெலோவின் தொலைபேசி. "உங்கம்மாவுக்குக் கண்ணு சுத்தமாப் போயிடுச்சு. யாரையும் உள்ள விட மாட்டேங்கறா. உன்ன வரச் சொன்னா" என்று சொன்னாளாம். உன்னை வரச் சொன்னாள்! ஓதீல் அந்த ஒரு வாக்கியத்தை அமியான் ஊர் வரும் வரை சொல்லிக்கொண்டே வந்தாள்.

முன்வாசல் திறந்திருந்தது. ஸெலி உள்ளே நின்றாள். குறுகிப் போயிருந்தாள், கண்கள் பாலாடை படர்ந்த மாதிரி வெளுத்திருந்தன. என் காலடியைக் கேட்டு, "யாருங்க கூட?" என்றாள். பெயரைச் சொன்னேன். "ஓ, அந்த மதாமா. உக்காருங்க, உக்காருங்க" என்று என்னை முன்னறையில் ஃபிரிட்ஜுக்குப் பக்கத்தில் உட்கார வைத்தாள். பிறகு தலையைத் திருப்பினாள்.

"ஓதீலு, நீ இப்படி வாடி."

சமையலறைக் கதவைத் தள்ளித் திறந்துவிட்டாள். ஓதீல் என்னைப் பார்த்தாள். முதல் நாள் பள்ளிக்கூடம் போகிற பிள்ளையின் முகம் அது. உள்ளே போனாள்.

நான் இருந்த இடத்திலிருந்து நேராகத் தெரிந்தது. அதே பச்சை அடுப்பு. அதே நீலக் கட்டம். சுவர் மட்டும்... கடவுளே. கண் தெரியாதவள் எத்தனை நாளாகத் தனியாகச் சமைத்திருக்கிறாள். அடுப்புக்கு மேலே பிசுக்கு. பால் பொங்கி வழிந்து காய்ந்த தடம். கதவிலிருந்து அடுப்பு வரை, அடுப்பிலிருந்து நீர்த்தொட்டி வரை, அவள் தடவித் தடவி நடந்த உயரத்தில் கறுப்பாக ஒரு பட்டை. ஓதீல் எத்தனையோ சுவர்களில் அழுக்குப் பூசியிருக்கிறாள். அப்படி ஒரு பட்டையை எந்தச் சுவரிலும் பூசியதில்லை.

"சுவத்தப் பாருடி," என்றாள் ஸெலி. "இப்ப எனக்குத் தெரியறதில்ல. எதையும் நல்லாப் பாக்கற கண்ணு உனக்கு. நீயே சொல்லு. எப்படி இருக்கு?"

ஓதீல் பதில் சொல்ல நேரம் எடுத்துக்கொள்ளவே இல்லை. அதுதான் பிசகு.

"பளிச்சுன்னு இருக்கும்மா. எப்பவும் போல."

"எங்கயும் ஒண்ணும் இல்லியே?"

"ஒரு புள்ளி கூட இல்லம்மா. உன் சுவரு எப்பவும் கண்ணாடிதான்."

நல்ல எண்ணத்தில்தான் சொன்னாள். அந்த இடத்தில் நான் இருந்தாலும் அதையேதான் சொல்லியிருப்பேன். ஸெலி கையை நீட்டினாள். மகளின் கை கிடைத்தது. ஆட்காட்டி விரலைப் பிடித்து, சுவரில் வைத்து, அந்தக் கறுப்புப் பட்டையின்மேல் மெதுவாக இழுத்தாள். விரலைத் திருப்பித் தன் கட்டைவிரலால் தேய்த்துப் பார்த்தாள். பிசுபிசுத்தது.

"கண்ணுதான் போச்சு. கை போகலடி. இது என்ன?"

ஓதீல் விரலை இழுக்கப் பார்த்தாள். ஸெலி விடவில்லை.

"அன்னிக்கு இல்லாத அழுக்க இருக்குன்னு ஊருக்கே காட்டின. சரி, அது உன் பொழப்பு, பெரிய மனுஷங்க சொன்னாங்க, செஞ்சேன்னு வெச்சுக்கிட்டேன். இன்னிக்கு யாரு சொன்னா? இங்க நீயும் நானும்தான் இருக்கோம். 'அம்மா, சுவரு அழுக்காயிடுச்சு, வா தொடைப்போம்'னு சொல்லுவேன்னு நினைச்சேன். உன் வாயில இருந்து அது ஒண்ணத்தான் எதிர்பாத்தேன். என் வீட்டுல இருக்கறத இருக்கற மாதிரி ஒரு நாளும் உன்னால சொல்ல முடியாதா?"

"அம்மா, துணியக் குடு. நான் தொடைக்கறேன். குடும்மா."

ஸெலி அவள் கையை விட்டுவிட்டாள். குரல் இறங்கியது. நான் பயந்தது அந்தக் குரலுக்குத்தான்.

"வேணாம்ங்க. வந்தவங்க வேலை செய்யக் கூடாது. போய் முன்னால உக்காருங்க. காபி கொண்டு வரேன்."

ஓதீல் வந்தாள். என் பக்கத்தில் இருந்த நாற்காலியில் உட்கார்ந்தாள். நரைத்த தலை, ரோமிலும் பெர்லினிலும் கைதட்டு வாங்கிய பெண். அந்த விரலை எங்கே வைப்பது என்று தெரியாமல் மடியில் நீட்டி வைத்திருந்தாள். உள்ளே கிண்ணம் உரசியது. தட்டைத் தூக்கிக்கொண்டு ஸெலி ஒரு கையால் சுவரைத் தடவித் தடவி வருவது கேட்டது. ஓதீல் துள்ளி எழுந்தாள். நான் அவள் முழங்கையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தேன். தட்டை வாங்கப் போயிருந்தால் கிழவி அதையும் தாங்கியிருக்க மாட்டாள்.

ஒரு சொட்டுகூடச் சிந்தாமல் தட்டு மேசைக்கு வந்தது. தங்கக் கரைக் கோப்பைகள். சிக்கரி கலந்த வடக்கத்திக் காபியின் வாசனை. முதல் கோப்பையை என் முன்னால் வைத்து, எத்தனை கட்டி சர்க்கரை என்று கேட்டாள். ஒன்று என்றேன். பிறகு இரண்டாவது கோப்பையைத் தன் மகளுக்கு முன்னால் வைத்தாள். ஓதீல் எத்தனை கட்டி போட்டுக்கொள்வாள் என்பது ஸெலிக்கு மறந்திருக்கவே முடியாது. பிறந்த நாளிலிருந்து ஊட்டி வளர்த்தவள்.

"உங்களுக்கு எத்தனைங்க?" என்று கேட்டுவிட்டு, இடுக்கியோடு காத்திருந்தாள்.